சுவரில் ஒட்டிய நோட்டீஸ்! கடை இடியுமா, தப்புமா?

நாகர்கோவில் வடசேரியில் ஒரு கடை. காலையில் திறக்க வந்தால் ஷட்டரில் ஒரு தாள்! 'அனுமதியற்ற கட்டடம். இடித்து அகற்றவும்.' அடுத்த கடை அண்ணாச்சியின் யோசனை எப்படி இருக்கும்? "கிழிச்சி எறியும் வேய்! பாக்கலைன்னு சொல்லிரும்."

கிழித்தால் போச்சு! கோர்ட்டுக்குப் போனால் அந்தத் தாள்தான் முதல் சாட்சி.

இடிப்பு வழக்குகளில் பெரும்பாலும் கட்டடத்தைவிட நோட்டீசுக்குத்தான் சண்டை. இது இன்று நேற்று வந்ததல்ல. 1863-ல் லண்டனில் கூப்பர் என்பவர் முன்கூட்டியே தகவல் தராமல் வீடு கட்டினார் என்று வாண்ட்ஸ்வொர்த் போர்டு அதை இடித்துத் தள்ளியது. "இடிக்க அதிகாரம் உண்டு; ஆனால் அவரைக் கேட்காமல் இடித்தது தவறு" என்று தீர்ப்பாகி, கூப்பருக்கு நஷ்ட ஈடு கிடைத்தது.

2024 நவம்பர் 13-ல் சுப்ரீம் கோர்ட் நீதிபதிகள் கவாய், கே.வி.விஸ்வநாதன் இதையே இன்னும் இறுக்கினார்கள். நோட்டீஸ் பதிவுத் தபாலில் வரவேண்டும், கட்டடத்திலும் ஒட்டவேண்டும். பதில் சொல்ல 15 நாள், அல்லது உள்ளூர்ச் சட்டம் தரும் நாள், எது அதிகமோ அது. நேரில் விசாரணை உண்டு. இடிக்க உத்தரவு வந்தாலும் மேலும் 15 நாள் பொறுக்கவேண்டும். நோட்டீஸ் போன கையோடு கலெக்டர் ஆபீசுக்கு இ-மெயில் தகவலும் போகவேண்டும். எதற்கு? பழைய தேதி போட்டு நோட்டீஸ் தயாரிக்கும் வித்தை நடக்கக்கூடாதே, அதற்கு! மீறினால் அதிகாரி கைக்காசிலிருந்து கட்டவேண்டும்.

வெறும் மிரட்டல் இல்லை. உத்தரப்பிரதேசம் பிரயாக்ராஜில் 2021-ல் அவசரமாக இடித்த வீடுகளுக்கு, உரிமையாளர் ஒவ்வொருவருக்கும் ரூ.10 லட்சம் தரும்படி 2025 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட் உத்தரவிட்டது.

குமரி மாவட்டத்துக்காரர்கள் ஐகோர்ட் என்றால் ஒரு காலத்தில் ராத்திரி ரயிலேறி சென்னைக்குப் போகவேண்டும். 2004 ஜூலை 24-ல் மதுரைக் கிளை வந்த பிறகு அந்த அலைச்சல் குறைந்தது. ஆனால் அவசரப்பட்டு மதுரைக்கு ஓடுமுன் தாளைப் படிக்கவேண்டும். 1971-ம் வருட நகர், ஊரமைப்புச் சட்டப்படி வந்த நோட்டீஸ் என்றால் 80-ஏ பிரிவில் அரசிடம் முறையிட வழி உண்டு. அதை விட்டுவிட்டு நேரே போனால், "முதலில் அங்கே போங்கள்" என்று ஐகோர்ட் திருப்பி அனுப்புவது உண்டு. அதற்குள் நாள் ஓடிவிடும்.

இன்னொரு விஷயம். நாஞ்சில் நாட்டில் குளத்துக்கும் கால்வாய்க்கும் பஞ்சமில்லை. அவற்றின் கரையில் ஏறி நிற்கும் கட்டடத்துக்கும்தான்! ரோடு, நடைபாதை, ஆறு, குளம் ஆகியவற்றில் உள்ள ஆக்கிரமிப்புக்கு இந்த 15 நாள் சலுகை கிடையாது என்று அதே தீர்ப்பு சொல்கிறது. "வருஷா வருஷம் வரி கட்டுதேன், கரண்டு கனெக்ஷன் இருக்கு" என்று ரசீதுக் கட்டைத் தூக்கிக்கொண்டு போவார்கள். குளத்துப் புறம்போக்கு அந்த ரசீதால் பட்டா நிலம் ஆகிவிடாது.