பீப்பாயில் புளிக்கும் தர்பூசணி

வோல்கா ஆறு காஸ்பியன் கடலை நெருங்கும் இடத்தில் அஸ்திரகான் இருக்கிறது. ரஷ்யாவின் தர்பூசணிச் சீமை அது. ஆகஸ்டில் பழம் குவியும்; அடுத்த சில வாரங்களில் குளிர் இறங்கிவிடும். கொடியில் கடைசியாக நிற்கும் சிறு பழங்களை அங்குள்ளவர்கள் வீணாக்குவதில்லை. முழுசாகவே மரப் பீப்பாயில் அடுக்கி, உப்புநீர் ஊற்றி, நிலவறையில் வைத்துவிடுவார்கள். பனி கொட்டும் மாதங்களில் அவித்த உருளைக்கிழங்குக்கு அதுதான் தொடுகறி.

இந்த ஊறுகாயில் எண்ணெய் இல்லை, மிளகாய் இல்லை, வினிகரும் வேண்டியதில்லை. புளிப்பு பழத்துக்குள்ளிருந்தே பிறக்கிறது. பழத்தின் தோலில் லாக்டிக் அமில பாக்டீரியாக்கள் இயல்பாகவே ஒட்டியிருக்கும். பழத்தைக் கெடுக்கும் நுண்ணுயிர்கள் பலவற்றை உப்பு அடக்கிவிடும். லாக்டிக் அமில பாக்டீரியாக்களோ உப்பைத் தாங்கும். 100 கிராம் பழத்தில் சுமார் 6 கிராம் சர்க்கரை உண்டு. அதைத் தின்று லாக்டிக் அமிலத்தையும் கரியமில வாயுவையும் வெளிவிடுகின்றன. இட்லி மாவைப் புளிக்க வைக்கும் கூட்டமும் இதுவே. வாயில் போட்டதும் நாக்கில் லேசாகச் சுறுசுறுப்பது அந்த வாயுதான்.

வீட்டில் செய்யப் பீப்பாய் வேண்டாம், கண்ணாடி ஜாடி போதும். 1 கிலோ பழத்தைக் கழுவித் தோலோடு துண்டு போடுங்கள். தோலை ஒட்டிய வெள்ளைச் சதைதான் கடைசிவரை நறுக்கென்று இருக்கும். 1 லிட்டர் நீரைக் கொதிக்க வைத்து, 60 கிராம் அயோடின் சேராத உப்பைக் கரைத்து, முழுக்க ஆறவிடுங்கள். சூட்டோடு ஊற்றினால் பாக்டீரியா செத்துவிடும். உப்பு அதிகமோ என்று தயங்க வேண்டாம். பழத்தில் பத்தில் ஒன்பது பங்கு நீர். அந்த நீரும் கலந்து, உப்பு ஏறக்குறைய 3 சதவீதத்துக்கு இறங்கிவிடும். நாலைந்து பூண்டுப் பற்களும் கொஞ்சம் சதகுப்பை இலையும் போட்டால் ரஷ்ய வாசனை வந்துவிடும்.

துண்டுகள் நீருக்கு மேலே தலைகாட்டக் கூடாது; காற்றுப் பட்ட இடத்தில் பூஞ்சை பிடிக்கும். சிறு தட்டு ஒன்றை மேலே வைத்து அமுக்குங்கள். வாயு வெளியேற மூடியைத் தளர்த்தியே வையுங்கள். நம் ஊர் வெயிலில் இரண்டு நாளிலேயே நுரை கட்டும், நீர் கலங்கும். புளிப்பு வாசனை வந்ததும் குளிர்பெட்டிக்கு மாற்றுங்கள். பஞ்சுபோலவோ நிறம் மாறியோ பூஞ்சை தெரிந்தால் ஜாடியோடு கொட்டிவிடுங்கள்.

ஒரு வாரம் பொறுத்து எடுத்துப் பாருங்கள். தித்திப்பு வடிந்து, புளிப்பும் உப்பும் ஏறி நிற்கும். நாம் குப்பையில் போடும் வெள்ளைச் சதையைத்தான் கை முதலில் தேடும்.