சுவரைத் தொட்ட விரலே சாட்சி

2016 ஆகஸ்ட் 11. பிரேசிலின் ரியோ டி ஜெனிரோ நகரில் பெண்களுக்கான 100 மீட்டர் ஃப்ரீஸ்டைல் நீச்சல் இறுதிப்போட்டி. ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழக மாணவி சிமோன் மேனுவல் சுவரைத் தொட்டுவிட்டுத் திரும்பி நேரப் பலகையைப் பார்க்கிறார். 52.70 விநாடி. ஒலிம்பிக் சாதனை. அமெரிக்கக் கறுப்பினப் பெண் ஒருவர் நீச்சலில் தனிநபர் தங்கம் வென்றது அதுவே முதல்முறை. அப்போது அவருக்கு வயது 20.

ஏழு மாதம் கழித்து, 2017 மார்ச்சில் இண்டியானாபொலிஸ் நகரில் நடந்த அமெரிக்கக் கல்லூரிகளுக்கான போட்டியில் அதே மாணவி, அதே ஃப்ரீஸ்டைலில் "100" நீந்த எடுத்துக்கொண்ட நேரம் 45.56 விநாடி. ஏழே மாதத்தில் ஏழு விநாடி குறைந்துவிட்டதா? இங்கேதான் சந்தேகம் எழும். சரிபார்த்துத்தான் ஆக வேண்டும்.

சரிபார்த்தால் விடை எளிது. ரியோவில் நீந்தியது 100 மீட்டர். கல்லூரிப் போட்டியில் நீந்தியது 100 கெஜம். ஒரு கெஜம் என்பது 91.44 சென்டிமீட்டர். ஆக, 100 கெஜம் நீந்தினால் 91.44 மீட்டர்தான். தூரத்திலேயே எட்டரை மீட்டர் குறைவு. ஒலிம்பிக் குளத்தின் நீளம் 50 மீட்டர். அங்கே ஒருமுறைதான் திரும்ப வேண்டும். கல்லூரிக் குளத்தின் நீளம் 25 கெஜம். மூன்று முறை திரும்ப வேண்டும். ஒவ்வொரு திருப்பத்திலும் சுவரைக் காலால் உந்தும்போது வேகம் கூடும். எனவே இரண்டு நேரங்களுமே உண்மை; இரண்டும் வேறு வேறு கணக்கு. கெஜக் குளத்தில் 46 விநாடிக்குள் முடித்த முதல் பெண் அவர்தான் என்பதும் சரிபார்க்கப்பட்ட உண்மையே.

ரியோவில் இன்னொரு வியப்பும் நடந்தது. கனடாவின் 16 வயது பென்னி ஒலெக்சியாக்கும் சரியாக 52.70 விநாடியில் சுவரைத் தொட்டார். இருவருக்கும் தங்கம், வெள்ளி யாருக்கும் இல்லை. ஆயிரத்தில் ஒரு பங்கு வரை பார்த்து ஒருவரை முந்தியவராக அறிவித்திருக்கக் கூடாதா?

ஒருமுறை அப்படிச் செய்தார்கள். 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் ஆண்களுக்கான 400 மீட்டர் தனிநபர் மெட்லி போட்டியில் ஸ்வீடனின் குன்னர் லார்சன், அமெரிக்காவின் டிம் மெக்கீயை 0.002 விநாடியில் வென்றதாக அறிவித்தார்கள். அந்த நேரத்தில் ஒருவர் நீந்தும் தூரம் சுமார் மூன்று மில்லிமீட்டர். ஆனால் ஒலிம்பிக் குளம் கட்டும்போது ஒவ்வொரு தடமும் மூன்று சென்டிமீட்டர் வரை நீண்டிருக்க விதி இடம் கொடுக்கிறது. சுவரே சென்டிமீட்டர் கணக்கில் மாறக்கூடும்போது, மில்லிமீட்டர் கணக்கில் வெற்றி தோல்வி சொல்வது நியாயமா? அதன்பிறகு நூறில் ஒரு பங்கோடு நிறுத்திக்கொண்டார்கள். அளவுகோலால் எந்த அளவுக்கு நேர்மையாகச் சொல்ல முடியுமோ, அந்த அளவுக்குத்தான் தீர்ப்பு.

இப்படி அளக்கப்படுவதன் அருமை ஒடுக்கப்பட்டவர்களுக்குத்தான் நன்றாகத் தெரியும். 1987 ஏப்ரலில் லாஸ் ஏஞ்சலீஸ் டாட்ஜர்ஸ் பேஸ்பால் அணியின் நிர்வாகி ஆல் காம்பனிஸ், கறுப்பர்கள் நீச்சலில் சிறக்காததற்கு அவர்கள் உடலுக்கு மிதக்கும் தன்மை இல்லாததே காரணம் என்ற பொருளில் தொலைக்காட்சியில் பேசினார். பதவி பறிபோனது. ஆனால் அது அவர் ஒருவரின் கருத்து மட்டும் அல்ல. வெகுகாலமாகப் பலரும் நம்பியது.

பதினேழு மாதம் கழித்து, 1988 செப்டம்பர் 21 அன்று சியோல் ஒலிம்பிக்கில் பதில் கிடைத்தது. தென் அமெரிக்காவின் சின்னஞ்சிறு நாடான சுரினாமிலிருந்து வந்த அந்தோணி நெஸ்டி, 100 மீட்டர் பட்டர்ஃப்ளை போட்டியில் அமெரிக்க நட்சத்திரம் மேட் பியோண்டியை வென்றார். நெஸ்டிக்கு 53.00, பியோண்டிக்கு 53.01. அன்று நெஸ்டியின் நாட்டில் ஒலிம்பிக் அளவுள்ள குளம் ஒன்றே ஒன்றுதான். நீச்சலில் தனிநபர் தங்கம் வென்ற முதல் கறுப்பின வீரர் அவர். பின்னர் ஃபுளோரிடா பல்கலைக்கழகத்துக்காக நீந்தி, 100 கெஜம் பட்டர்ஃப்ளையில் 1990 முதல் 1992 வரை தொடர்ந்து மூன்று ஆண்டு கல்லூரிச் சாம்பியன் ஆனார். 2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் அமெரிக்க ஆண்கள் நீச்சல் அணிக்குத் தலைமைப் பயிற்சியாளராகச் சென்றவரும் அவரே.

அந்த 0.01 விநாடியைப் பதிந்தது சுவரில் பொருத்திய தொடுபலகை. அதற்கு விரலின் அழுத்தம் தெரியும். விரலின் நிறம் தெரியாது.

கறுப்பர்கள் நீச்சலில் குறைவாக இருந்ததற்கு உண்மையான காரணம் உடம்பில் இல்லை, பூட்டிய கதவில் இருந்தது. 1964 ஜூனில் ஃபுளோரிடாவின் செயின்ட் அகஸ்டின் ஊரில், வெள்ளையருக்கு மட்டுமான விடுதிக் குளத்தில் கறுப்பரும் வெள்ளையரும் சேர்ந்து இறங்கிப் போராடியபோது, விடுதி மேலாளர் குளத்தில் அமிலத்தை ஊற்றினார். மிசிசிப்பியின் ஜாக்சன் நகரம், எல்லோருக்கும் திறந்துவிடுவதைவிட மூடுவதே மேல் என்று நகராட்சிக் குளங்களை மூடியது. அது சட்டப்படி செல்லும் என்று 1971இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் தீர்ப்பளித்தது. அந்த வடு இன்னும் ஆறவில்லை. அமெரிக்க நீச்சல் சம்மேளனத்தின் அறக்கட்டளை 2017இல் வெளியிட்ட ஆய்வின்படி, கறுப்பினக் குழந்தைகளில் 64 சதவீதம் பேருக்கு நீச்சல் அறவே தெரியாது, அல்லது அரைகுறையாகத்தான் தெரியும். வெள்ளையினக் குழந்தைகளில் இது 40 சதவீதம்.

இதைப் படிக்கும்போது நமக்கு மகாத் நினைவுக்கு வராமல் போகுமா? 1927 மார்ச் 20 அன்று அண்ணல் அம்பேத்கர் தலைமையில் மக்கள் சவுதார் குளத்துக்குச் சென்று ஒரு கை நீர் அள்ளிக் குடித்தார்கள். பிறகு சாதி இந்துக்கள் அந்தக் குளத்துக்குத் தீட்டுக் கழித்தார்கள். அங்கே அமிலம், இங்கே பசுஞ்சாணமும் கோமியமும். அந்தக் குளத்தின் மீதான உரிமையை பம்பாய் உயர் நீதிமன்றம் உறுதிசெய்ய 1937 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. தொட்டால் தீட்டு என்ற அதே தண்ணீரில்தான், தொட்டதே சாட்சி என்ற விளையாட்டும் நடக்கிறது.

நம் வீட்டுப் பிள்ளைகள் எதையாவது சாதித்தால் "உண்மையா? சலுகையில் வந்ததா?" என்று கேட்பவர்கள் இன்றும் உண்டு. அதைக் கேட்டுக் கூச வேண்டாம். சான்று கேட்பது தவறல்ல. நம்மிடம் மட்டும் கேட்பதுதான் தவறு. கிணற்றிலும் கம்மாயிலும் நீந்திப் பழகிய பிள்ளை கல்லூரிப் போட்டியில் வென்றால், கோப்பையோடு நின்றுவிடாதீர்கள். எந்தப் போட்டி, எத்தனை மீட்டர், குளத்தின் நீளம் எவ்வளவு, நேரம் எவ்வளவு, அது கருவியில் பதிந்ததா, கையில் வைத்த கடிகாரத்தில் பார்த்ததா என்பதெல்லாம் எழுதிய முடிவுத்தாளை நடுவர் கையெழுத்தோடு கேட்டு வாங்குங்கள். பத்திரமாக வையுங்கள். கோப்பை துருப்பிடிக்கும்; யார் கேட்டாலும் பதில் சொல்ல அந்தத் தாள் இருக்கும்.