எல்லைப்புறத்தில் ஒரு போர்க்கால அமைச்சரவை

பிரித்தானிய இந்தியாவின் வடமேற்கு எல்லைப்புற மாகாணத்தில் 1943 மே மாதம் சர்தார் ஔரங்கசீப் கான் தலைமையில் முஸ்லிம் லீக் அமைச்சரவை பதவியேற்றது. அதனைச் சிறுபான்மை அரசு என்று கூறுவது சமய அடிப்படையிலன்று. மாகாண மக்களில் பத்தில் ஒன்பது பேருக்கு மேல் முஸ்லிம்களே. 50 இடங்கள் கொண்ட சட்டசபையில் சரிபாதியேனும் தன் பக்கம் இல்லாத அரசு என்பதே அதன் பொருள்.

1937ஆம் ஆண்டுத் தேர்தலில் லீக் இம்மாகாணத்தில் ஓர் இடத்தையும் பெறவில்லை. ஸாஹிப்ஸாதா அப்துல் கய்யூம் அமைத்த முதல் அமைச்சரவை சில மாதங்களிலேயே வீழ, குதாயி கித்மத்கார் இயக்கத்தின் துணையோடு டாக்டர் கான் சாஹிப் காங்கிரஸ் பிரதமரானார். (அன்று மாகாண முதல்வர்களைப் பிரதமர் என்றே அழைத்தனர்.) இந்தியரைக் கலந்து பேசாமலேயே இந்தியாவைப் போரில் ஈடுபடுத்தியதைக் கண்டித்து 1939 நவம்பரில் அவர் பதவி விலகினார். 1935ஆம் ஆண்டுச் சட்டத்தின் 93ஆம் பிரிவின்படி ஆளுநர் ஜார்ஜ் கன்னிங்ஹாம் தாமே மூன்றரை ஆண்டுகள் ஆட்சி நடத்தினார். 1942 ஆகஸ்டில் 'வெள்ளையனே வெளியேறு' போராட்டம் வெடித்தது. காங்கிரஸ் உறுப்பினர் பலர் சிறை புகுந்தனர். சபையின் கணக்கு மாறிற்று. வாக்காளர் தராத வாய்ப்பைச் சிறைக் கதவுகள் தந்தன என்றால் மிகையாகாது.

அமைச்சரவையில் ஐவர் இடம்பெற்றனர். நிதியமைச்சர் சர்தார் அப்துர் ரப் நிஷ்தர், பெஷாவர் வழக்கறிஞர். உருதுக் கவிஞரும் ஆவார். அறுவைக் கத்தி எனப் பொருள்படும் 'நிஷ்தர்' அவர்தம் புனைபெயர். பொதுப்பணித் துறை அகாலி சீக்கியரான சர்தார் அஜீத் சிங்கிடம் இருந்தது (பகத்சிங்கின் சிறிய தந்தையாரான அஜீத் சிங் வேறு). பாகிஸ்தான் கோரிக்கையை அகாலிகள் வன்மையாக எதிர்த்த காலம் அது. எனினும் 1940இல் லாகூர்த் தீர்மானத்தை ஆதரித்துப் பேசிய ஔரங்கசீப் கானின் அமைச்சரவையில் அவர்களின் பிரதிநிதி அமர்ந்தார். சமீன் ஜான் கானும் ராஜா அப்துர் ரஹ்மான் கானும் மற்ற இருவர்.

1943இல் நடந்த இடைத்தேர்தல்களில் நான்கு முஸ்லிம் தொகுதிகளையும் லீக் வென்றது. அந்த நல்லெண்ணம் நீடிக்கவில்லை. போர்க்காலத்தில் சர்க்கரை, துணி, தானியம் ஆகியன கட்டுப்பாட்டுக்குள் வந்தன. அவற்றுக்கான பெர்மிட் வழங்கும் அதிகாரம் அரசின் கையில் இருந்தது. பெரும்பான்மை இல்லாத அரசுக்கு ஒவ்வோர் உறுப்பினரும் இன்றியமையாதவர். அவரைத் தக்கவைக்கும் கருவியாகப் பெர்மிட் பயன்பட்டது என்னும் குற்றச்சாட்டு மாகாணமெங்கும் பரவிற்று. லீகர்களே அதனை முணுமுணுத்தனர். தனிமனிதரின் பேராசையை மட்டும் இதற்குக் காரணமாக்குவது போதாது. சலுகையின்றி ஒரு நாளும் நிலைக்க இயலாத அமைப்பிலேயே கேடு இருந்தது என்பது எமது கருத்து.

சிறையிலிருந்தவர்கள் விடுதலையாகித் திரும்பத் திரும்ப, சபையின் கணக்கு மீண்டும் மாறிற்று. 1945 மார்ச்சில் நம்பிக்கையில்லாத் தீர்மானம் 24க்கு 18 என்னும் வாக்குகளில் நிறைவேறியது. மீண்டும் பிரதமரான டாக்டர் கான் சாஹிப், தம் இளவல் கான் அப்துல் கஃப்பார் கான் உள்ளிட்டோரை விடுவித்தார்.

1946ஆம் ஆண்டுத் தேர்தலில் காங்கிரஸ் 30 இடங்களையும் லீக் 17 இடங்களையும் பெற்றன. முஸ்லிம்களுக்குரிய 38 இடங்களிலும் காங்கிரஸுக்கே 19 கிடைத்தன. பிற மாகாணங்களின் முஸ்லிம் தொகுதிகளை லீக் வாரிக்கொண்ட அதே ஆண்டில் எல்லைப்புறம் மட்டும் விலகி நின்றது. பட்டாணியரின் தனித்தன்மையையும் கஃப்பார் கானின் செல்வாக்கையும் காரணமாகக் கூறுவோர், பெர்மிட் ஆட்சியின் நினைவு அப்போது பசுமையாக இருந்ததை மறந்துவிடுகின்றனர். அத்தேர்தலில் தோற்ற நிஷ்தர், அவ்வாண்டு அக்டோபரில் ஜின்னாவின் தேர்வால் மத்திய இடைக்கால அரசில் அமைச்சரானார்.

பாகிஸ்தான் உதயமான எட்டாம் நாள், 1947 ஆகஸ்ட் 22 அன்று, டாக்டர் கான் சாஹிபின் அமைச்சரவை சபையில் பெரும்பான்மை பெற்றிருந்தும் நீக்கப்பட்டது. காங்கிரஸிலிருந்து லீகுக்கு வந்திருந்த கான் அப்துல் கய்யூம் கான் பெரும்பான்மை இல்லாமலேயே பதவியேற்றார். அப்போது ஆளுநராக இருந்தவரும் கன்னிங்ஹாமே.