கடைசித் தோசை அம்மாவுக்கு

எங்கள் வீட்டில் இரவுக்குத் தோசை என்றால், அம்மாவின் முதுகைப் பார்த்தபடிதான் நாங்கள் சாப்பிடுவோம். அப்பாவுக்கு முறுகலாக இரண்டு, தம்பிக்கு நெய் விட்டு மூன்று, எனக்கு வெங்காயம் தூவி இரண்டு என்று ஒவ்வொன்றாகக் கல்லிலிருந்து தட்டுக்கு வரும். நாங்கள் கை கழுவி எழுந்த பிறகு, மாவுச் சட்டியை வழித்து ஊற்றிய கடைசித் தோசையோடு அம்மா தரையில் உட்காருவார். அதற்குள் சட்னி தீர்ந்திருக்கும். ஞாயிற்றுக்கிழமைக் கறிக்குழம்பிலும் இதே கதைதான். ஈரல் அப்பாவுக்கு, நல்லி எலும்பு தம்பிக்கு, தொடைக்கறி எனக்கு. அம்மாவின் சோற்றில் குழம்பு மட்டும் இருக்கும்.

எனக்குத் திருமணமாகிக் குழந்தைகள் பிறந்த பிறகு, கல்லுக்கு முன்னால் அதே இடத்தில் நான் நின்றேன். ஒரு நாள் ஆறு வயது மகள் கேட்டாள்: “நீ எப்பம்மா சாப்பிடுவ?” அவளுக்குச் சொல்ல என்னிடம் நல்ல பதில் இல்லை. எல்லாருக்கும் ஒரே நேரத்தில் தயாராகி, சமைத்தவரும் கூடவே உட்கார்ந்து சாப்பிடக்கூடிய இரவு உணவு எது என்று அன்றுதான் தேட ஆரம்பித்தேன். அப்படித்தான் எங்கள் வீட்டுக்கு வந்தது பிரெட் கிண்ணம்.

விஷயம் எளிது. பிரெட் துண்டைத் தேய்த்து மெலிதாக்கி, குழியான அச்சில் அழுத்தினால் அது கிண்ணமாகிவிடும். அதற்குள் மசாலா சேர்த்து வதக்கிய கொத்துக்கறியை நிரப்பி, அவனில் சுட்டு எடுக்க வேண்டும். வெளியே மொறுமொறுப்பு, உள்ளே கறி. குழந்தை கையில் பிடித்து, சிந்தாமல் சாப்பிடலாம்.

ரொட்டியே தட்டாக

ரொட்டியைப் பாத்திரமாக்கும் யோசனை மிகப் பழையது. மத்திய கால ஐரோப்பாவில் காய்ந்த ரொட்டித் துண்டைத் தட்டுபோல வைத்து, அதன்மேல் கறியும் சாறும் பரிமாறினார்கள். ஆனால் துண்டாக வெட்டிய பிரெட் கடைக்கு வந்தது வெகு பின்னால்தான். அமெரிக்காவின் மிசௌரி மாநிலத்துச் சில்லிகோத்தி ஊர் பேக்கரி ஒன்றில், ஓட்டோ ரோவெடர் கண்டுபிடித்த இயந்திரத்தால் வெட்டிய பிரெட் 1928 ஜூலை 7 அன்று முதன்முதலாக விற்பனைக்கு வந்தது. ஒரே கனத்தில் வெட்டிய துண்டு எளிதாகக் கிடைப்பதால்தான், மஃபின் தட்டின் குழிக்குள் பிரெட்டை அழுத்திக் கிண்ணம் செய்வது இன்று எந்த வீட்டிலும் சாத்தியமாகிறது.

நமக்கு நெருக்கமான கதை தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரத்தில் இருக்கிறது. நேட்டால் கரும்புத் தோட்டங்களில் வேலை செய்ய ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிக்கொண்டு சென்னையிலிருந்து புறப்பட்ட ‘ட்ரூரோ’ கப்பல், 1860 நவம்பர் 16 அன்று டர்பனை அடைந்தது. அதில் போனவர்களிலும் பின்னால் போனவர்களிலும் தமிழர்கள் ஏராளம். அந்த நகரத்து இந்தியர்களிடையே பிறந்த உணவுதான் ‘பன்னி சௌ’. முழு ரொட்டியைக் காலாகவோ பாதியாகவோ வெட்டி, நடுவைக் குடைந்து, குழம்பை ஊற்றித் தருவார்கள். அவரைக்கொட்டைக் குழம்பும் உண்டு, ஆட்டுக்கறிக் குழம்பும் உண்டு. குடைந்தெடுத்த ரொட்டியையே குழம்பில் தொட்டுச் சாப்பிடுவார்கள். கரண்டியும் வேண்டாம், தட்டும் வேண்டாம்.

அதே நாட்டின் கேப் டவுன் பக்கம் ‘பொபோட்டி’ என்றொரு உணவு உண்டு. டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி அடிமைகளாகக் கொண்டுபோன ஆசிய மக்களின் வழிவந்த கேப் மலாய் சமூகத்தோடு சேர்த்துப் பேசப்படும் சமையல் அது. கொத்துக்கறியில் மசாலாவும் பாலில் ஊறிய ரொட்டியும் பிசைந்து, மேலே முட்டையும் பாலும் அடித்து ஊற்றிச் சுடுவார்கள். என் பிரெட் கிண்ணத்தின் மேல் பூசும் முட்டைப்பால் அந்தப் பொபோட்டியிடம் கற்றது.

கொத்துக்கறியின் நியாயம்

குழம்பில் போட்ட கறியை எண்ணிவிடலாம். யாருக்கு எத்தனை துண்டு, யாருக்கு எலும்பு என்பது தட்டைப் பார்த்தாலே தெரியும். கொத்துக்கறியில் அப்படி எண்ண முடியாது. நல்ல துண்டு, கெட்ட துண்டு என்ற பேச்சே இல்லை. நானூறு கிராம் கொத்துக்கறியில் உருளைக்கிழங்கும் கேரட்டும் சேர்த்து வதக்கினால் பன்னிரண்டு கிண்ணம் நிரம்பும். நாலு பேர் இருக்கும் வீட்டில் ஆளுக்கு மூன்று. கொஞ்சம் கறியை எல்லாருக்கும் வரும்படி நீட்டிக்கும் இந்தச் சாமர்த்தியம் நம் பாட்டிகளுக்கும் தெரியும். கோலா உருண்டையில் அவர்கள் சேர்த்த பொட்டுக்கடலை மாவும், பொபோட்டியில் சேரும் ரொட்டியும் செய்வது ஒரே வேலையைத்தான். கறியிலிருந்து இறங்கும் சாற்றைப் பிடித்துவைத்து, உருவத்தையும் காப்பாற்றி, அளவையும் கூட்டுகின்றன.

கறிக்கடையில் தொடங்கும் வேலை

கடையில் “கொத்துக்கறி” என்று மட்டும் சொல்லி நிற்காதீர்கள். தொடைக்கறியாக, எலும்புச் சில்லு இல்லாமல், கொஞ்சம் கொழுப்போடு கொத்தித் தரச் சொல்லுங்கள். கொழுப்பே இல்லாவிட்டால் சுட்ட பிறகு கறி வறண்டு, குழந்தையின் தொண்டையில் அடைக்கும். இயந்திரத்தில் அரைத்த கைமாவைவிடக் கத்தியால் கொத்தியது எனக்குப் பிடிக்கும். பல்லில் படும்போது கறி என்று தெரியும். வீட்டுக்கு வந்ததும் ஒருமுறை விரலால் துழாவிப் பாருங்கள். சின்ன எலும்புச் சில்லு எப்படியோ தப்பி வந்துவிடும்.

முழுத் துண்டுக் கறியில் கிருமிகள் பெரும்பாலும் மேற்பரப்பில்தான் இருக்கும். கொத்தும்போது அவை உள்ளேயும் கலந்துவிடுகின்றன. அதனால்தான் கொத்துக்கறியின் உட்பகுதி 71 டிகிரி செல்சியஸை எட்ட வேண்டும் என்று அமெரிக்க வேளாண்மைத் துறை சொல்கிறது. நம் முறையில் இந்தக் கவலை இல்லை. கறியைக் குக்கரில் நன்றாக வேகவைத்த பிறகே கிண்ணத்தில் வைக்கிறோம்.

தேவையானவை (12 கிண்ணங்களுக்கு)

சாண்ட்விச் பிரெட் – 12 துண்டு
ஆட்டுக் கொத்துக்கறி – 400 கிராம்
சின்ன வெங்காயம் – 15, பொடியாக நறுக்கியது
தக்காளி – 1
இஞ்சி பூண்டு விழுது – 1 மேசைக்கரண்டி
வேகவைத்து உதிர்த்த உருளைக்கிழங்கு – 1, நடுத்தர அளவு
துருவிய கேரட் – அரை கப்
சோம்பு – 1 தேக்கரண்டி. பட்டை – சிறு துண்டு. கிராம்பு – 2
மஞ்சள்தூள் – கால் தேக்கரண்டி
மல்லித்தூள் – 2 தேக்கரண்டி
மிளகுத்தூள் – குழந்தைகளுக்கு அரை, பெரியவர்களுக்கு ஒன்றரைத் தேக்கரண்டி
முட்டை – 2. பால் – கால் கப்
வெண்ணெய், எண்ணெய், உப்பு, கறிவேப்பிலை, கொத்தமல்லி – தேவைக்கு

செய்யும் விதம்

கறியை மஞ்சள்தூள், உப்பு, இஞ்சி பூண்டு விழுதில் பாதி சேர்த்து, கால் டம்ளர் தண்ணீர் விட்டுக் குக்கரில் மூன்று விசில் வைக்கவும். வாணலியில் எண்ணெய் காய்ந்ததும் சோம்பு, பட்டை, கிராம்பு தாளித்து, வெங்காயமும் கறிவேப்பிலையும் பொன்னிறமாகும்வரை வதக்கவும். மீதி விழுது, தக்காளி, மல்லித்தூள் சேர்த்து எண்ணெய் பிரிந்ததும் வெந்த கறியைத் தண்ணீரோடு கொட்டிக் கிளறவும். கேரட்டையும் உருளைக்கிழங்கையும் சேர்த்து, ஈரம் சுண்டி, கரண்டியில் எடுத்தால் உருண்டையாக நிற்கும் பதம் வரும்வரை அடுப்பில் இருக்கட்டும். பிறகு இரண்டாகப் பிரித்து, மிளகுத்தூளை அவரவர் காரத்துக்குச் சேர்த்து, கொத்தமல்லி தூவி ஆறவிடவும்.

கறி ஆறும் நேரத்தில் கிண்ணம் செய்யலாம். பிரெட்டின் ஓரத்தை வெட்டி, பூரிக்கட்டையால் அழுத்தித் தேய்க்கவும். இரண்டு பக்கமும் வெண்ணெய் தடவி, மஃபின் தட்டின் குழியில் நடுவிரலால் மெல்ல அழுத்தவும். மஃபின் தட்டு இல்லையென்றால் சிறிய எவர்சில்வர் கிண்ணங்கள் போதும். 180 டிகிரியில் சூடேறிய அவனில், கறி வைக்காமல் வெறும் பிரெட்டை மட்டும் ஏழெட்டு நிமிடம் சுடவும். ஓரம் லேசாகச் சிவந்து, அச்சிலிருந்து எடுத்தாலும் தானாக நிற்கும்.

பிறகு எல்லாவற்றையும் அச்சிலிருந்து எடுத்துத் தட்டையான ட்ரேயில் அடுக்குங்கள். ஆறு குழித் தட்டு ஒன்றுதான் இருக்கிறது என்றாலும் கவலையில்லை. வெறும் கிண்ணங்களை மாலையிலேயே இரண்டு தடவையாகச் சுட்டு வைத்துவிடலாம். இரவில் கறியை நிரப்பி, முட்டையும் பாலும் சிட்டிகை உப்பும் அடித்த கலவையை ஒவ்வொன்றின் மேலும் ஒரு மேசைக்கரண்டி ஊற்றி, பன்னிரண்டு நிமிடம் சுட்டால் போதும். மேல்பகுதி உறைந்து, லேசாக உப்பி வரும்.

அடி நமுத்துப் போகாமல்

முதல் தடவை நான் செய்த கிண்ணங்கள் கையில் எடுத்ததும் அடி கழன்று விழுந்தன. கறி ஈரமாக இருந்தது. பிரெட்டை முதலில் தனியாகச் சுடவும் இல்லை. அந்த இரண்டையும் சரிசெய்த பிறகு ஒருமுறைகூட அப்படி ஆகவில்லை. தேய்க்கும்போது பிரெட்டில் உள்ள காற்று வெளியேறி அது கெட்டிப்படுகிறது. வெண்ணெய் ஈரத்தைத் தடுக்கும் பூச்சாகிறது. முதல் சூடு மேற்பரப்பை உலர்த்தி மொறுமொறுப்பாக்குகிறது. இந்த மூன்றில் எதை விட்டாலும் அடி நமுத்துவிடும்.

பிரெட்டை ஃபிரிட்ஜில் வைப்பது பலரின் வழக்கம். அங்கேதான் அது சீக்கிரம் விறைக்கிறது. பிரெட்டில் உள்ள மாவுச்சத்து குளிரில் வேகமாக இறுகிவிடும். அப்படிப்பட்ட பிரெட்டைத் தேய்த்தால் வெடிக்கும். இட்லிப் பானையின் ஆவியில் அரை நிமிடம் காட்டுங்கள். சூடு பட்டதும் நெகிழ்ந்து கொடுக்கும். வெட்டிய ஓரங்களை வீணாக்க வேண்டாம். மிச்சமிருக்கும் சூட்டில் அவனுக்குள் வைத்துக் காயவிட்டு மிக்ஸியில் பொடித்தால், கட்லெட்டுக்கு உதவும். கறியில் ஈரம் கூடிவிட்டதாகத் தோன்றினால் அதே பொடியில் இரண்டு கரண்டி தூவுங்கள்.

கறி சாப்பிடாத வீட்டில், தண்ணீர் வற்ற வதக்கிய காளான் வைக்கலாம், முறை மாறாது. எது வைத்தாலும் மீந்ததை இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். மறுநாள் சூடாக்கும்போது மைக்ரோவேவ் வேண்டாம், நமுத்துவிடும்; மூடாத தோசைக்கல்லில் சிறுதீயில் வைத்தால் மொறுமொறுப்பு திரும்பும்.

அந்தப் பன்னிரண்டு நிமிடம்

இந்தச் சமையலில் எனக்கு மிகவும் பிடித்தது கடைசிப் பன்னிரண்டு நிமிடம். அவன் கதவை மூடிய பிறகு என் கைக்கு வேலை இல்லை. அதற்குள் மகள் வெள்ளரிக்காயை அடுக்குவாள், மகன் ரசத்தை டம்ளர்களில் ஊற்றுவான். கிண்ணம் அழுத்துவதும் அவர்கள் வேலைதான். மகள் தன் கிண்ணங்களின் ஓரத்தை மடித்து அடையாளம் வைத்துவிடுவாள். தான் செய்ததைத் தானே சாப்பிட வேண்டும் என்ற ஆசையில், கேரட்டைக் கண்டால் ஒதுக்கும் பிள்ளை கேரட்டோடு சேர்த்து விழுங்கும். மணி அடித்ததும் எல்லாக் கிண்ணங்களும் ஒன்றாக வெளியே வரும். ஐந்து நிமிடம் ஆறவிட்டு, எல்லாரும் ஒன்றாக உட்காருவோம்.

தோசையை விட்டுவிட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. எங்கள் வீட்டிலும் வாரத்தில் மூன்று நாள் தோசைதான். ஆனால் நிற்பவர் எப்போதும் ஒருவராகவே இருக்கக் கூடாது. வாரத்தில் ஓர் இரவாவது அடுப்பு அணைந்த பிறகு சாப்பாடு ஆரம்பிக்க வேண்டும்.

போன மாதம் அம்மா வந்திருந்தார். அன்றைக்குப் பதினைந்து கிண்ணம் செய்தேன். தரையில் பாய் விரித்து, நடுவில் ட்ரேயை வைத்தோம். அம்மா ஒன்றைச் சாப்பிட்டு முடித்ததும், பழக்கத்தில் கையை ஊன்றி எழப் பார்த்தார். “இருடி, அடுத்ததை எடுத்துட்டு வர்றேன்” என்றார். “எல்லாம் இங்கதான் இருக்கும்மா” என்றேன். அவர் அடுப்படிப் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்தார். விளக்கை அணைத்திருந்தோம். மகள் ட்ரேயிலிருந்து ஓரம் மடித்த கிண்ணம் ஒன்றை எடுத்து, “இது நான் செஞ்சது ஆச்சி” என்று அவர் தட்டில் வைத்தாள். அம்மா சம்மணம் போட்டு நன்றாக உட்கார்ந்துகொண்டார்.