உழுது வித்திடுதல்: பழந்துறையும் வன்னி வாழ்வும்

பகைவர் அரணை அழித்து, அந்நிலத்தைக் கழுதை பூட்டிய ஏரால் உழுதல் பண்டை வேந்தர் வழக்கு. புறநானூற்று 15-ஆம் பாட்டில் நெட்டிமையார் இதனை முதுகுடுமிமேல் வைத்துப் பாடுகின்றார். 392-ஆம் பாட்டில் ஔவையார், அவ்வாறு உழுத நிலத்தில் வரகும் கொள்ளும் வித்தியதனையும் கூறுவர். ஐயனாரிதனார் புறப்பொருள் வெண்பாமாலை உழிஞைப் படலத்தில் இதற்கு 'உழுது வித்திடுதல்' எனத் துறைப்பெயரும் தந்தார். ஈண்டு வித்து உணவுக்கன்று. ஊர் பாழானமைக்கு இட்ட முத்திரை.

அப்பாழிற்குக் குடிகள் மீண்டு, தமக்கென விதைத்த நாளுக்குத் துறை வகுக்கப்படவில்லை. கரந்தை மீட்டலைப் பேசும். ஆயின் அங்கு மீள்வன ஆநிரைகளே.

இலக்கணம் விட்டுவிட்ட அந்நாள் எத்தன்மையது என்பதை, இலங்கையின் வன்னிநிலம் அண்மைக் காலத்தே காட்டிற்று. 2009 மே மாதம் போர் முடிந்தபொழுது இரண்டரை இலட்சத்திற்கு மேற்பட்டோர் முகாம்களில் அடைபட்டிருந்தனர். அவற்றுட் பெரியதாகிய செட்டிகுளத்து மெனிக் பாம் 2012 செப்டம்பரில்தான் மூடப்பட்டது. ஊர் திரும்பியோர் கூரையிழந்த சுவர்களையொட்டித் தறப்பாள் கட்டிக் கொட்டில் அமைத்தனர். பாழ்பட்ட கிணறுகளை இறைத்துத் துப்புரவாக்கினர். (தமிழகத்தார் தார்ப்பாய் என்பதே அவர்க்குத் தறப்பாள்.) வயலில் இறங்குதல் மட்டும் எளிதாக இல்லை, மண்ணுள் மிதிவெடி கிடந்தது. போர்முனை நெடுங்காலம் நிலைத்திருந்த முகமாலையில் அது மிகுதி. உலோகங்காட்டும் கருவியும் சிறு கைவாரியும் கொண்டு, மண்டியிட்டு, அங்குலம் அங்குலமாக மண்ணைத் துழாவுவோருட் பெண்கள் பலர். கணவனை இழந்து குடும்பந் தாங்குவோரும் அவருள் உளர். கழுதை ஏர் பாடிய பாட்டுகளைக் கற்றார்க்கு, வித்துக்கு முற்பட்ட இவ்வுழவு வியப்பும் துயரும் ஒருங்கே தருவதாம். வடகிழக்குப் பருவமழைக்குமுன் நிலம் துப்புரவாகாவிடின் அவ்வாண்டின் காலபோகம் போயிற்று. குளத்து நீரை நம்பிய சிறுபோகம் எல்லார்க்கும் வாய்ப்பதன்று.

மிதிவெடி இல்லாதவிடத்தும் தடையிருந்தது. முல்லைத்தீவு மாவட்டத்துக் கேப்பாப்புலவு மக்கள், படையினர் வசமிருந்த தம் நிலத்தை வேண்டி 2017-இல் அதன் வாயிலிலேயே தங்கிப் போராடினர். 2018-இல் இரணைதீவு மீனவர் தம் படகுகளிலேயே தீவுக்கு மீண்டனர். இவர்கள் கேட்டது 'காணி'. தமிழகத்து உழவர் வழக்கில் அச்சொல் ஓர் அளவையாகச் சுருங்கியது. சோழர் கல்வெட்டுகளிலோ அது வழிவழி உரிமையையும் அவ்வுரிமைக்குரிய நிலத்தையும் குறிக்கும். வன்னியார் வழக்கு கல்வெட்டு வழக்கோடு நிற்கின்றது.