கோரிங்கா: வண்டல் சேர்த்த செல்வம்

ஐதராபாத்தில் இரவு ரயில் ஏறினால் காலையில் காக்கிநாடாவை அடையலாம். அங்கிருந்து யானாம் செல்லும் சாலையில் ஏறத்தாழ 20 கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது கோரிங்கா. ஊருக்குப் பெயர் தந்த ஆறு மிகச் சிறியது. யானாம் அருகே கௌதமி கோதாவரியிலிருந்து பிரிந்து, உவர்ச் சதுப்பினூடே வளைந்து சென்று, காக்கிநாடா வளைகுடாவில் கலந்துவிடுகிறது. நாள்தோறும் இருமுறை கடல் ஏறி வரும்போது, ஆற்றின் ஓட்டமே திசை மாறுகிறது.

இன்று அமைதி நிலவும் இக்கரையில் ஒரு காலத்தில் மரக்கலங்கள் கட்டப்பட்டன. பர்மாவுக்குப் பிழைப்புத் தேடிச் சென்ற தெலுங்கர் பலர் இங்குதான் கப்பல் ஏறினர். 1789ஆம் ஆண்டிலும், 1839 நவம்பர் 25 அன்றும் வீசிய புயல்களில் கடல் பொங்கி ஊரை அழித்தது. ஆறு கொண்டுவந்த வண்டலும் துறைமுகத்தைத் தூர்த்தது. அது மீண்டும் தழைக்கவேயில்லை.

துறைமுகத்தைத் தூர்த்த அதே வண்டல்தான் அலையாத்திக் காட்டுக்கும் நிலமாகிறது. 1978இல் சரணாலயமாக அறிவிக்கப்பட்ட இக்காட்டின் பரப்பு சுமார் 235 சதுர கிலோமீட்டர். இங்குள்ள வெண்கண்டல் மரங்கள் சேற்றுக்கு மேல் வேர்களை நீட்டிச் சுவாசிக்கின்றன. மிகுதியான உப்பை இலைகள் வழியே வெளியேற்றுகின்றன. வேர்களின் இடுக்குகளில் இறால் குஞ்சுகளும் மீன் குஞ்சுகளும் வளர்கின்றன. புயல் அலையின் வேகத்தையும் இக்காடு தணிக்கிறது.

ஆயினும் இக்காடு தானே தழைத்துவிடுவதில்லை. கடலின் உவர்நீரும் கோதாவரியின் நன்னீரும் மாறி மாறி வந்துபோக வேண்டும். நீர் தேங்கும் இடத்தில் வெயிலில் உப்பு மிகுந்து மரங்கள் மடிகின்றன. சென்னையிலுள்ள எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம், வனத்துறையுடனும் ஊர்மக்களுடனும் இணைந்து, அத்தகைய இடங்களில் மீன்முள் வடிவில் கால்வாய்கள் வெட்டியது. கடல்நீர் மீண்டும் வந்து செல்ல வழி பிறந்தது. நட்ட கன்றுகள் வேர்பிடித்தன.

சேமிப்பின் பயன் ஒரே நாளில் தெரிவதில்லை. ஆண்டுதோறும் சிறிது சிறிதாகப் படிந்த வண்டலே இன்று கரையோர மக்களுக்குக் காப்பாக நிற்கிறது.

செல்ல விரும்புவோர் நவம்பர் முதல் பிப்ரவரி வரையிலான மாதங்களைத் தேர்ந்தெடுக்கலாம். வலசைப் பறவைகள் வந்திருக்கும். காட்டினுள் மரப்பலகை நடைபாதை உண்டு. படகில் செல்வதாயின், கடல் ஏறும் நேரத்தை முன்னரே கேட்டறிந்து புறப்படுவது நலம்.