கடல் தாண்டிய பாட்டுப் போட்டி

மயிலிட்டித் துறையில் வலை பொத்திக்கொண்டே வானொலி கேட்கிற அன்பர்களே, உங்களுக்கு ஒரு கேள்வி. சன் தொலைக்காட்சியில் தமிழ்நாட்டையே பாட வைத்த 'பாட்டுக்குப் பாட்டு' எங்கே பிறந்தது தெரியுமோ? எங்கட இலங்கை வானொலியில்தான்! அதை நடத்திய பி. எச். அப்துல் ஹமீத், கொழும்பில் பிறந்து அந்த வானொலியிலேயே வளர்ந்த குரல். 1990களில் நிகழ்ச்சி கடல் தாண்டிச் சின்னத்திரைக்குப் போனது.

மேடையில் ஓர் எழுத்தைக் கொடுப்பார். குறிலா, நெடிலா என்பதையும் அழுத்திச் சொல்லுவார். யோசிக்க நேரமில்லை, உடனே அந்த எழுத்தில் பாட்டைத் தொடங்கவேணும். பளபளக்கும் ஆட்டம் பாட்டம் ஒன்றுமில்லை. அந்தத் தெளிந்த உச்சரிப்புக்காகவே பார்த்தவர்கள் எத்தனையோ பேர்.

இன்று இரவு வீட்டில் விளையாடிப் பாருங்கோ. முதல் எழுத்து 'ம', குறில்!